இரவல் குரல், இரவல் மௌனம்

கொல்லிமலை என்றதும் இன்றைக்குப் பலருக்கு நினைவு வருவது 70 கொண்டை ஊசி வளைவுகளும் ஆகாயகங்கை அருவியும்தான். சங்கப் புலவர்களுக்கு அந்த மலை வேறொன்றால் பெயர்பெற்றது. கொல்லிப்பாவை. குறுந்தொகையில் கபிலரும் நற்றிணையில் பரணரும் தலைவியின் அழகைச் சொல்ல இந்தப் பாவையைத்தான் துணைக்கு அழைக்கிறார்கள். தெய்வம் எழுதிய உருவம் அது. காற்று மோதினாலும், மழை கொட்டினாலும், இடி விழுந்தாலும், நிலமே குலுங்கினாலும் அதன் அழகு குலையாது என்கிறது நற்றிணைப் பாட்டு. பின்னால் வந்த கதைகள் பாவைக்கு அசைவும் சிரிப்பும் கொடுத்தன. சிரித்தே மயக்கிக் கொன்றுவிடுமாம். அதனிடம் இல்லாதது ஒன்றே ஒன்று: பேச்சு. அது யாரிடமும் எதையும் சொல்வதில்லை. எல்லோரும் அதைப் பார்க்கிறார்கள். அது என்ன பார்க்கிறது என்று யாரும் கேட்டதில்லை.

இந்திய சினிமா காது கேளாத கதாபாத்திரங்களை, அதிலும் பெண்களை, படைத்த விதத்தை யோசிக்கும்போதெல்லாம் எனக்கு இந்தப் பாவை குறுக்கே வருகிறது. காது கேளாத ஒருவரின் அன்றாடம் முழுக்கப் பார்வையால் ஆனது. எதிரில் இருப்பவரின் முகம், கை, தோள், கதவு திறக்கும்போது தரையில் விழும் வெளிச்சம் எல்லாம் அவருக்குச் செய்தி. அவரைவிட அதிகமாகப் பார்க்கிறவர்கள் கிடையாது. திரையில் மட்டும் அது தலைகீழாகிறது. அங்கே அவர் பார்க்கப்படுகிறவர். அவருடைய மௌனம் நமக்கு அழகாகவோ பரிதாபமாகவோ காட்டப்படுகிறது. அந்த மௌனத்தையும் பெரும்பாலும் காது கேட்கிற ஒரு நட்சத்திரம்தான் சில மாதங்களுக்கு இரவல் வாங்கி அணிந்துகொள்கிறார்.

1972இல் குல்சார் இயக்கிய ‘கோஷிஷ்’ இந்த வரிசையின் முக்கியமான படம். 1961இல் வந்த ஒரு ஜப்பானியப் படத்தின் தூண்டுதலில் எடுக்கப்பட்டது. காது கேளாத, பேச இயலாத தம்பதியாக சஞ்சீவ் குமாரும் ஜெயா பாதுரியும் நடித்தார்கள். சஞ்சீவ் குமாருக்குத் தேசிய விருது கிடைத்தது. தமிழில் 1977இல் டி.என். பாலு ‘உயர்ந்தவர்கள்’ என்று எடுத்தபோது கமல்ஹாசனும் சுஜாதாவும் அந்த வேடங்களை ஏற்றார்கள். கோஷிஷைக் குறை சொல்ல எனக்கு மனம் வருவதில்லை. காது கேளாதவர்கள் காதலிப்பார்கள், சம்பாதிப்பார்கள், சண்டை போடுவார்கள், பிள்ளை வளர்ப்பார்கள் என்பதை வெகுஜன சினிமாவில் அவ்வளவு இயல்பாக அதற்கு முன் யாரும் சொன்னதில்லை.

ஆனாலும் அதில் ஒரு காட்சி இருக்கிறது. தம்பதிக்குக் குழந்தை பிறக்கிறது. கிலுகிலுப்பையை எடுத்துக் குழந்தையின் அருகில் ஆட்டுகிறார்கள். குழந்தை திரும்பவில்லை. இருவருக்கும் முகம் வெளிறுகிறது. மருத்துவரிடம் ஓடுகிறார்கள். அங்கே போன பிறகுதான் தெரிகிறது, கிலுகிலுப்பைக்குள் மணியே இல்லை. அது ஒலிக்கவே இல்லை. அந்த இருவருக்கும் அது ஒலிக்கவில்லை என்று தெரிய வழியில்லை. திரைக்கதைக்காரனின் கைவண்ணம் என்று பார்த்தால் அபாரமான காட்சி. பார்வையாளருக்கு ஒரு நொடி முன்னதாகவே புரிந்துவிடும். சிரிப்பும் கண்ணீரும் சேர்ந்து வரும். கொஞ்சம் நிதானித்து யோசித்தால் வேறொன்று உறுத்துகிறது. அந்தக் காட்சி யாருடைய பயத்தில் நிற்கிறது? குழந்தைக்குக் காது கேட்க வேண்டுமே என்று தவிக்கிறவர்கள் திரையில் காது கேளாத பெற்றோர்; அந்தத் தவிப்பை எழுதியது காது கேட்கிற உலகம். தங்களைப்போலவே ஒரு குழந்தை பிறந்தால், தங்கள் மொழியிலேயே அதோடு பேசலாமே என்று மகிழ்கிற காது கேளாத பெற்றோர் உலகெங்கும் உண்டு. அப்படி ஒரு வாய்ப்பு திரைக்கதையின் அறைக்குள் நுழையவே இல்லை. நுழைந்திருக்க வேண்டுமானால் அந்த அறையில் காது கேளாத ஒருவர் உட்கார்ந்திருக்க வேண்டும்.

அந்தப் பயத்துக்கு ஆயுள் கெட்டி. 35 ஆண்டுகள் கழித்து, 2007இல் ராதாமோகன் இயக்கத்தில் வந்த ‘மொழி’யில், ஜோதிகா நடித்த காது கேளாத அர்ச்சனா திருமணத்துக்குத் தயங்குவதற்கும் இதுதான் காரணம்: குழந்தையும் தன்னைப்போல் பிறந்துவிட்டால்? காது கேளாத குழந்தைகளில் மிகப் பெரும்பாலோர் காது கேட்கும் பெற்றோருக்குப் பிறந்தவர்கள் என்ற சாதாரண மருத்துவ உண்மை அந்தத் தயக்கத்தைக் கொஞ்சம் கலைத்திருக்கும்.

மற்றபடி மொழி தமிழ் சினிமாவில் ஒரு பெரிய தாவல். அர்ச்சனா யாருடைய இரக்கத்தையும் கேட்பதில்லை. கோபம் வந்தால் கோபப்படுகிறாள், பிடிக்காததைப் பிடிக்கவில்லை என்கிறாள். காதலிக்கிறவன் சைகை மொழி கற்றுக்கொண்டு வருகிறான். அவள் வாய்பேசக் கற்க வேண்டும் என்று படம் எதிர்பார்க்கவில்லை. ஜோதிகாவின் நடிப்பைப் பாராட்டாதவர்கள் குறைவு, நானும் அந்தக் கூட்டத்தில் ஒருவன்.

இங்கே ஒரு வேடிக்கையைக் கவனிக்க வேண்டும். ஜோதிகாவின் குரல் என்று தமிழ் ரசிகர்கள் பல படங்களில் கேட்டுப் பழகியது டப்பிங் கலைஞர் சவிதா ரெட்டியின் குரல். சிம்ரனுக்கும் பல படங்களில் அவர்தான். மொழியில் ஜோதிகாவுக்குக் குரலே தேவைப்படவில்லை. மும்பையிலிருந்தும் கேரளத்திலிருந்தும் வந்த நாயகிகளுக்குத் தமிழ் சினிமா பல பத்தாண்டுகளாகக் குரலை வெளியிலிருந்து தைத்துக் கொடுத்துவந்திருக்கிறது. முகம் ஒருவருடையது, குரல் இன்னொருவருடையது, பாட்டு மூன்றாமவருடையது. மூன்றும் ஒட்டி ஒரு பெண்ணாகிவிடும். பார்வையாளருக்கு அதில் எந்த உறுத்தலும் இருந்ததில்லை.

அப்படியென்றால், பேச முடியாத ஒரு நடிகை தமிழ் சினிமாவில் பேசுகிற பெண்ணாக நடிக்கலாமே?

நடித்தார். 2009 ஜூனில் சமுத்திரக்கனி இயக்கிய ‘நாடோடிகள்’ வெளியானபோது, சசிகுமாருக்குத் தங்கையாக நடித்த அபிநயாவைப் பார்த்தவர்களில் பலருக்கு அவர் பிறவியிலேயே காது கேளாதவர் என்று தெரியாது. படத்தில் அந்தப் பெண் பேசுகிறாள், கேட்கிறாள், அண்ணனுக்குப் பதில் சொல்கிறாள், காதலிக்கிறாள். குரல் மட்டும் இன்னொருவருடையது. அது மற்ற நாயகிகளுக்கும் நடப்பதுதானே. அந்த வேடத்துக்கு அவருக்கு ஃபிலிம்ஃபேர் துணை நடிகை விருது கிடைத்தது. படத்தைத் தெலுங்கில் ‘சம்போ சிவ சம்போ’ என்றும் கன்னடத்தில் ‘ஹுடுகரு’ என்றும் எடுத்தபோது அதே தங்கை வேடத்துக்கு அவரையே அழைத்தார்கள். கேட்டே அறியாத மூன்று மொழிகளின் உதட்டசைவை ஒரே பாத்திரத்துக்காக மூன்று முறை கற்றார் என்பதை நினைத்துப் பார்க்க வேண்டும். ‘ஏழாம் அறிவு’, ‘வீரம்’, தெலுங்கில் ‘சீதம்ம வாகிட்லோ சிரிமல்லெ செட்டு’, 2023இல் ‘மார்க் ஆண்டனி’ என்று தொடர்ந்த பயணத்தில், 2024இல் ஜோஜு ஜார்ஜ் இயக்கிய மலையாளப் படமான ‘பணி’யில் நாயகியானார்.

இதில் என்ன உழைப்பு இருக்கிறது என்பது படப்பிடிப்புத் தளத்தைத் தெரிந்தவர்களுக்குப் புரியும். தமிழ் தெரியாத நடிகைக்கு வழக்கமாக ஓர் உதவி இயக்குநர் கேமராவுக்குப் பின்னால் நின்று வசனத்தை உரக்கச் சொல்லிக்கொடுப்பார். ப்ராம்ப்டிங் என்பார்கள். நடிகை அதைக் காதில் வாங்கி அப்படியே உதட்டில் விடுவார், அர்த்தம் பிறகு. சத்தமெல்லாம் டப்பிங்கில் மாறிவிடப்போகிறது என்பதால் யாரும் கவலைப்படுவதில்லை. காது கேளாத நடிகைக்கு இந்த ஊன்றுகோல் கிடையாது. வசனம் முழுவதையும் முன்கூட்டியே உதட்டளவில் மனப்பாடம் செய்துவர வேண்டும். எந்தச் சொல்லில் அழுத்தம், எங்கே மூச்சு, எங்கே இடைவெளி என்று தெரிந்திருக்க வேண்டும். இல்லாவிட்டால் டப்பிங் கலைஞரின் குரல் உதட்டில் உட்காராது. அதைவிடக் கடினம் எதிர்வினை. எதிரே நிற்பவர் பேசி முடித்தது எப்போது என்று தெரிந்தால்தானே பதில் சொல்ல முடியும்? முகம் பார்த்து நின்றால் சரி. முதுகுக்குப் பின்னாலிருந்து யாராவது கூப்பிட, இவர் திடுக்கிட்டுத் திரும்ப வேண்டிய காட்சியென்றால்? கேளாத சத்தத்துக்குச் சரியான நொடியில் திடுக்கிட வேண்டும். கேட்கிறவர் கேளாதவராக நடிப்பதை விருது கொடுத்துக் கொண்டாடும் நாம், கேளாதவர் கேட்பவராக நடிப்பதில் உள்ள நுட்பத்தைப் பற்றி எழுதியது சொற்பம்.

ஆக, தமிழ் சினிமா, உலகில் வேறெங்கும் எளிதில் பார்க்க முடியாத ஒரு காரியத்தைச் செய்திருக்கிறது. ஹாலிவுட்டில் காது கேளாத நடிகர்களுக்கான போராட்டம், காது கேளாத வேடங்களையாவது எங்களுக்குக் கொடுங்கள் என்ற கோரிக்கையில் தொடங்கியது. இங்கே அந்தப் படியைத் தாண்டி, கேட்கிற பெண்ணின் வேடமே கிடைத்துவிட்டது. கொள்கையோ இயக்கமோ இதற்குக் காரணம் இல்லை. ஓர் இயக்குநரின் துணிச்சலும் டப்பிங் என்ற பழைய தொழில்முறையும் சேர்ந்து திறந்த கதவு இது.

அந்தக் கதவின் மறுபக்கத்தையும் சொல்லத்தான் வேண்டும். நாடோடிகள் மாதிரியான வேடத்தில் அபிநயாவின் கைகளுக்கு வேலை இல்லை. அவருடைய கேளாமை திரையில் தெரியாமல் இருப்பதே வெற்றியின் அளவுகோல். ஒரு மனுஷிக்கு வேலை கிடைத்தது. அவள் சார்ந்த சமூகத்தின் மொழிக்குத் திரையில் இடம் கிடைக்கவில்லை. அந்த மொழியோ ஜோதிகாவின் கைகளில் இருந்தது, இரண்டு வருடத்துக்கு முன்னால், கற்றுக்கொண்ட ஒரு வேடமாக. இந்த இரண்டு படங்களையும் அருகருகே வைத்துப் பார்த்தால் தமிழ் சினிமாவின் மொத்தக் கணக்கும் தெரிந்துவிடும்.

இன்னொரு சங்கடமும் வந்துகொண்டிருக்கிறது. படப்பிடிப்பிலேயே குரலைப் பதிவுசெய்யும் சிங்க் சவுண்ட் முறை பெருகிவருகிறது. நடிகரின் சொந்தக் குரல்தான் உண்மையானது என்ற ரசனையும் கூடவே வருகிறது. நல்ல ரசனைதான். ஆனால் டப்பிங் திறந்துவைத்த கதவை அது ஓசையில்லாமல் சாத்திவிடக்கூடும்.

சைகையால் பேசும் கதை, அதுவும் மலையில் நடப்பது என்று பார்த்தால் 2018இல் கார்த்திக் சுப்பராஜ் எடுத்த ‘மெர்குரி’ உடனே நினைவுக்கு வரும். வசனமே இல்லாத படம். பாதரசக் கழிவால் கேளாமையோடு பிறந்த இளைஞர்கள். பின்னணியில் கொடைக்கானல் தெர்மாமீட்டர் ஆலையின் நிஜ வரலாறு. சைகையில் பேசும் நண்பர்கள் கூட்டம் கேலி செய்து, குடித்து, ஒருவரையொருவர் கலாய்ப்பதைத் தமிழ்த் திரை அதுவரை காட்டியதில்லை. நடித்தவர்கள் எல்லோரும் காது கேட்பவர்கள். வசனமே இல்லாத படத்தில்கூட அந்த வேடங்கள் காது கேளாதவர்களுக்குப் போகவில்லை என்பதற்கு என்ன காரணம் சொல்வது?

ஹாலிவுட்டில் 1986இல் வந்த ‘சில்ட்ரன் ஆஃப் எ லெஸ்ஸர் காட்’ படத்துக்காக மார்லி மாட்லின் சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் வாங்கியபோது அவருக்கு வயது 21. காது கேளாத நடிகைக்குக் கிடைத்த முதல் ஆஸ்கர். நடிகை நிஜம், மொழியும் நிஜம். ஆனாலும் அந்தப் படத்தில் அவர் கையால் சொல்வதையெல்லாம் கூட நடிக்கும் வில்லியம் ஹர்ட் வாய்விட்டுத் திருப்பிச் சொல்லிக்கொண்டே இருப்பார். கேட்கிற பார்வையாளருக்குப் புரிய வேண்டுமே என்ற ஏற்பாடு. அவளுடைய ஒவ்வொரு வாக்கியமும் ஓர் ஆணின் வாய் வழியாகத்தான் நம்மிடம் வந்துசேர்கிறது. ஆகவே நடிகரை மாற்றினால் மட்டும் போதாது.

2014இல் வந்த உக்ரைன் படமான ‘தி ட்ரைப்’ இதன் நேரெதிர். காது கேளாதோர் விடுதிப் பள்ளியில் நடக்கும் குற்றக் கதை. நடித்தவர்கள் காது கேளாதவர்கள். பேசுவது உக்ரைன் சைகை மொழி. சப்டைட்டில் கிடையாது, பின்னணிக் குரலும் கிடையாது. நீண்ட ஷாட்டுகள், தள்ளி நிற்கும் கேமரா. முதல் அரை மணி நேரம் கேட்கிற பார்வையாளர் தவித்துப்போவார். அந்தத் தவிப்பு காது கேளாதவர்களுக்கு எல்லாத் திரையரங்கிலும் எல்லா நாளும் உண்டு. இன்னொரு துணிச்சலும் அந்தப் படத்துக்கு இருந்தது. அதில் வரும் காது கேளாதவர்களில் பலர் கொடூரமானவர்கள். அப்பாவியாக இருக்க வேண்டிய கட்டாயத்திலிருந்து அவர்களை விடுவித்தது அந்தப் படம்.

2021இல் வந்த ‘கோடா’வை இரண்டுக்கும் நடுவில் வைக்கலாம். 2014இல் வந்த பிரெஞ்சு மூலத்தில் காது கேளாத பெற்றோராக நடித்தவர்கள் காது கேட்பவர்கள். அமெரிக்க மறுஆக்கத்தில் அந்த வேடங்களைக் காது கேளாதவர்களே ஏற்றார்கள். இதில் மார்லி மாட்லினின் பிடிவாதத்துக்குப் பெரிய பங்குண்டு. அதில் அவருக்குக் கணவராக நடித்த ட்ராய் காட்சர் 2022இல் துணை நடிகர் ஆஸ்கர் பெற்றார். சிறந்த படத்துக்கான ஆஸ்கரும் அதற்கே. அப்போதும் காது கேளாதோர் தரப்பிலிருந்து விமர்சனம் வந்தது: கதையின் நடுவில் நிற்பது பாடத் தெரிந்த, காது கேட்கும் மகள்தானே என்று. நியாயமான கேள்வி. ஆனால் காட்சரைப் பற்றி நாம் கவனிக்க வேண்டியது வேறு. அவர் திடீரென்று முளைத்தவர் இல்லை. லாஸ் ஏஞ்சலிஸில் 1991இல் தொடங்கிய டெஃப் வெஸ்ட் நாடகக் குழுவில் பல ஆண்டுகள் மேடையேறியவர். இந்தியாவிலும் கொல்கத்தாவில் 1973லேயே ‘ஆக்‌ஷன் ப்ளேயர்ஸ்’ என்ற காது கேளாதோர் நாடகக் குழு உருவானது. தமிழகத்துக் காது கேளாதோர் கல்விக்கோ வயது நூறைத் தாண்டிவிட்டது. பாளையங்கோட்டையில் ஃபிளாரன்ஸ் ஸ்வெயின்சன் தொடங்கிய பள்ளி 1897ஐச் சேர்ந்தது. பள்ளிகள் வளர்ந்த அளவுக்கு மேடை வளரவில்லை. வகுப்பறையில் வாய்பேசப் பயிற்றுவதில்தான் நீண்ட காலம் எல்லா முயற்சியும் போனது. சைகை விடுதியறையில், ஆசிரியர் கண்ணுக்குத் தப்பி, மூத்த பிள்ளைகளிடமிருந்து இளையவர்களுக்குப் போய்ச் சேர்ந்தது.

அரசு அந்த மொழியைத் திரும்பிப் பார்த்தது பிந்தித்தான். டெல்லியில் இந்திய சைகை மொழி ஆய்வு மற்றும் பயிற்சி மையம் 2015இல் அமைந்தது; 2018இல் 3,000 சொற்களோடு வந்த அதன் அகராதி 2021க்குள் 10,000 சொற்களைத் தொட்டது. 2011 கணக்கெடுப்பின்படி நாட்டில் செவித்திறன் குறைபாடு உள்ளவர்கள் சுமார் 50.7 லட்சம்.

சினிமா பற்றி நீதிமன்றமும் பேசியிருக்கிறது. ‘ஆங்க் மிச்சோலி’ என்ற இந்திப் படத்தில் காது கேளாத கதாபாத்திரத்தை ‘சவுண்ட் ப்ரூஃப் சிஸ்டம்’ என்று கிண்டல் செய்திருந்தார்கள். நிபுன் மல்கோத்ரா தொடுத்த வழக்கில் 2024 ஜூலை 8 அன்று உச்ச நீதிமன்றம் வழங்கிய தீர்ப்பு, மாற்றுத்திறனாளிகளை இழிவுபடுத்தும் நகைச்சுவையையும் அவர்களுடைய வாழ்க்கையைப் புரியவைக்கும் நகைச்சுவையையும் பிரித்துப் பார்த்தது. கட்டுக்கதைகளை வைத்துக் கேலி செய்வதையும் அதிசயப் பிறவிகளாகக் காட்டுவதையும் தவிர்க்கச் சொன்னது. அவர்களைக் கலந்துகொள்ளாமல் அவர்களைப் பற்றிய படைப்பு உருவாகக் கூடாது என்ற கொள்கையை முன்வைத்தது. அதே ஆண்டு மார்ச்சில் மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சகம், திரையரங்குகளில் படங்களை அணுகத்தக்கதாக்கும் வழிகாட்டு நெறிகளை வெளியிட்டது. அதற்கு முந்தைய ஆண்டு, ‘பதான்’ படத்தை முன்வைத்துத் தொடரப்பட்ட வழக்கில் டெல்லி உயர் நீதிமன்றம் இதே திசையில் உத்தரவிட்டிருந்தது.

இவையெல்லாம் நல்லவையே. நாமக்கல்லிலோ சேந்தமங்கலத்திலோ இருக்கும் காது கேளாத ரசிகருக்கு அது எப்படி வந்துசேரும் என்பது வேறு. தமிழ்ப் படத்துக்கு சப்டைட்டில் போடும் அரங்குகளில் அது பெரும்பாலும் ஆங்கிலத்தில்தான் ஓடுகிறது. தமிழ்வழிப் பள்ளியில் படித்த, தமிழே இரண்டாம் மொழியான ஒருவருக்கு அதனால் என்ன பயன்? தமிழ் வரியே போட்டாலும் வசனத்தை மட்டும் அச்சிட்டால் போதாது. யார் பேசுகிறார், திரைக்கு வெளியே என்ன சத்தம், ஏன் எல்லோரும் திடீரென்று வாசலைப் பார்க்கிறார்கள் என்பதெல்லாம் அதில் வர வேண்டும். ஊமைப்படக் காலத்தில் எல்லோருக்கும் பொதுவாக எழுத்தட்டை வந்துகொண்டிருந்தது. சென்னையில் நடராஜ முதலியார் ‘கீசக வதம்’ எடுத்த நாட்களில் காது கேளாதவரும் கேட்பவரும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து ஒரே படத்தைப் பார்க்க முடிந்தது. 1931இல் ‘காளிதாஸ்’ பேச ஆரம்பித்ததும் ஒரு பகுதியினர் சத்தமில்லாமல் வெளியேற்றப்பட்டார்கள். அந்த இழப்பை நம் சினிமா வரலாற்று நூல்களில் தேடினால் கிடைப்பது அரிது.

நம்பகமான சித்தரிப்பு என்றால் என்ன என்பதை ஒரு கற்பனைப் படத்தை வைத்துச் சோதித்துப் பார்க்கிறேன். கதை கொல்லிமலையில் நடக்கிறது என்று வைத்துக்கொள்வோம். அந்த மலையின் ஊராட்சிகள் 14 நாடுகளாகப் பிரிந்திருக்கின்றன: வளப்பூர் நாடு, வாழவந்தி நாடு, தின்னனூர் நாடு, குண்டூர் நாடு என்று. சிதறிக்கிடக்கும் சிற்றூர் ஒன்றில் மலையாளிப் பழங்குடிக் குடும்பத்தில் காது கேளாத ஒரே பெண். இயக்குநர் நல்ல மனதோடு சென்னையிலிருந்து ஒரு சைகை மொழிபெயர்ப்பாளரை அழைத்துவந்து, அகராதிச் சைகைகளை நடிகைக்குச் சொல்லிக்கொடுக்கிறார். படம் அங்கேயே பொய்யாகிவிடும். அந்தப் பெண்ணுக்கு அந்த மொழி எங்கிருந்து வந்தது?

தனியாகப் பிறந்து, சைகை தெரிந்த யாரையும் பார்க்காமல் வளரும் பிள்ளை, வீட்டாரோடு சேர்ந்து தானே ஒரு சைகை முறையை உண்டாக்கிக்கொள்ளும். வீட்டுச் சைகை என்று மொழியியலாளர்கள் சொல்வது இதை. காது கேளாதவர் பலர் ஒரே ஊரில் பல தலைமுறை வாழ்ந்தால் அது ஊர் மொழியாகவே முற்றிவிடும். கர்நாடகத்தின் அலிபூரில் அப்படியொரு சைகை மொழி உருவாகி, ஆய்வாளர்கள் அதைப் பதிவுசெய்திருக்கிறார்கள். பாலித் தீவின் பெங்காலா கிராமத்தில் காது கேட்பவர்களும் அப்படிப்பட்ட மொழியைப் பேசுகிறார்கள். நம் கற்பனைப் பெண்ணுக்கு அந்த வசதி இல்லை. அம்மாவுக்கும் அவளுக்கும் இடையே நூறு இருநூறு சைகைகள். மிளகுக்கு ஒன்று, அண்ணனுக்கு ஒன்று, ஊர்த் திருவிழாவுக்கு ஒன்று. மலைக்குக் கீழே ஏதோ ஒரு பள்ளி விடுதிக்கு அனுப்பினால் அங்கே முதன்முறையாகத் தன்னைப்போன்ற ஐம்பது பேரைப் பார்ப்பாள். அங்கே கற்ற மொழியோடு விடுமுறைக்கு வீடு திரும்பினால், அம்மாவோடு பழைய நூறு சைகைதான். சொல்ல ஏராளம் இருக்கும், சொல்ல ஆள் இருக்காது. இந்த ஒரு முரணில் ஒரு முழுப் படம் இருக்கிறது.

காட்சிகளும் இந்த உண்மையிலிருந்துதான் பிறக்கும். ஏணியில் நின்று இரண்டு கையாலும் மிளகு பறிக்கிறவளால் பேச முடியாது. பேச வேண்டுமென்றால் கூடையை மாட்டிவிட்டுக் கையை விடுவிக்க வேண்டும். கரண்ட் போனால் பேச்சு நின்றுவிடும். செல்போன் டார்ச்சை யாராவது அவள் கைமேல் அடிக்க வேண்டும். விடுதித் தோழியோடு வீடியோ காலில் பேச டவர் கிடைக்கும் பாறையைத் தேடிப் போவாள். ஒரு கை போனைப் பிடித்திருக்கும், மற்றதுதான் பேசும். பின்னாலிருந்து கூப்பிட நினைக்கிறவன் மரப்பலகைத் தரையைக் காலால் தட்டுவான். ஒட்டுக்கேட்பது என்றால் அவளுக்கு ஜன்னல் வழியே அடுத்தவர் கையைப் பார்ப்பது. இவற்றில் ஒன்றைக்கூட மௌனத்தைப் பரிதாபமாகப் பார்க்கும் எழுத்தாளரால் யோசிக்க முடியாது.

கேமராவுக்கும் வேலை மாறும். இந்திய சைகை மொழியில் கேள்விச் சொல் பெரும்பாலும் வாக்கியத்தின் கடைசியில் வரும்; ஆம், இல்லை என்று பதில் சொல்லக்கூடிய கேள்வியாக இருந்தால் புருவம் உயர்வதே கேள்விக்குறி. முகம் அங்கே இலக்கணம். உணர்ச்சி பொங்கும் இடம் என்று முகத்துக்கு க்ளோசப் போனால் கை வெட்டுப்படும், பாதி வாக்கியம் காணாமல் போகும். கைக்கு க்ளோசப் போனால் இலக்கணம் போகும். பேசி முடிப்பதற்குள் எதிராளியின் முகத்துக்கு வெட்டினால், குரல் தொடர்கிற வழக்கமான சினிமாவில் ஒன்றும் குறையாது. இங்கே வசனமே அறுந்துபோகும். எடிட்டருக்கு அந்த மொழி தெரிந்திருக்க வேண்டும், அல்லது தெரிந்த ஒருவர் எடிட்டிங் அறையில் பக்கத்தில் உட்கார வேண்டும். படப்பிடிப்பில் ஒருநாள் வந்து கையெழுத்துப் போட்டுவிட்டுப் போகும் ஆலோசகரால் இதைக் காப்பாற்ற முடியாது.

அந்தப் பெண்ணாக யார் நடிப்பது? பயிற்சி பெற்ற காது கேளாத நடிகர்கள் எங்கே இருக்கிறார்கள் என்று கேட்பார்கள். பாரதிராஜா காலம் தொட்டு, நடிப்பே தெரியாத முகங்களைத் தெருவிலும் கல்லூரி வாசலிலும் கண்டுபிடித்த துறை இது. ‘காக்கா முட்டை’க்குச் சென்னைக் குப்பத்திலிருந்து வந்த இரண்டு சிறுவர்கள் தேசிய விருது வாங்கினார்கள். விடுதிப் பள்ளிகளில் ஆண்டுவிழா தோறும் மைமிங் போட்டுக் கூட்டத்தைச் சிரிக்கவைக்கிற பிள்ளைகளைப் போய்ப் பார்க்க ஒரு துணை இயக்குநருக்கு எவ்வளவு பஸ் கட்டணம் ஆகும்? செலவு வேறு இடத்தில் இருக்கிறது: படப்பிடிப்பு முழுக்க இரண்டு மொழிபெயர்ப்பாளர்கள், சைகையில் திரைக்கதை வாசிப்பு, ‘ஆக்‌ஷன்’ என்று கத்துவதற்குப் பதில் எரியும் விளக்கு, ஷாட்டுக்கு ஷாட் கூடுதல் நேரம். ஒரு நடுத்தரப் பட்ஜெட் படத்தில் நாயகனின் கேரவன் வாடகையோடு ஒப்பிட்டுத் தயாரிப்பு நிர்வாகி கணக்குப் போடட்டும். எனக்கென்னவோ அந்தத் தொகை ஒரு பாட்டுக்கு வெளிநாடு போய்வரும் செலவைத் தாண்டும் என்று தோன்றவில்லை.